நாயுண்ணி: ஒரு பெயருக்குள் இரண்டு உயிர்

உண்ணி என்ற சொல்லைப் பிரிக்க அகராதி தேவையில்லை. உண் + இ. உண்பது எதுவோ அது உண்ணி. ஊனுண்ணி, தாவர உண்ணி, ஒட்டுண்ணி எல்லாவற்றிலும் இதே ‘இ’தான் வேலை செய்கிறது. முன்னால் எதையும் சேர்க்காமல் வெறுமனே ‘உண்ணி’ என்றால் மட்டும், ஆடு மாடு நாய்களின் தோலில் கடித்துத் தொங்கும் எட்டுக்கால் உயிர். ஒரே இடத்தில் நாள்கணக்கில் ஒட்டிக்கொண்டு இரத்தம் குடிப்பதற்கு இதைவிடப் பொருத்தமான பெயர் கிடைக்காது. மலையாளத்தில் இது பட்டுண்ணி.

பேன், தெள்ளு, மூட்டைப்பூச்சி மூன்றும் ஆறுகால் பூச்சிகள். உண்ணி சிலந்திக்குச் சொந்தம். முட்டையிலிருந்து வரும்போது அதற்கும் ஆறு கால்தான், ஒருமுறை தோலுரித்த பிறகே எட்டு. அதனால் குஞ்சைப் பார்த்துக் குழம்புகிறவர்கள் உண்டு. பெரிய குழப்பம் வேறிடத்தில் இருக்கிறது. ஸ்க்ரப் டைபஸ் நோயைச் செய்தித்தாள்கள் ‘உண்ணிக் காய்ச்சல்’ என்று எழுதுகின்றன. அதைப் பரப்புவது உண்ணியே அல்ல, மைட் எனப்படும் மிகச் சிறிய உயிரின் இளம்பருவம். வேளாண்மைக்காரர்கள் பயிரில் வரும் மைட்டைச் சிலந்திப்பேன் என்று அழகாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். மருத்துவச் செய்தி எழுதுகிறவர்கள் அந்தப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. மலையாளிகளோ அதே நோயைச் செள்ளுப்பனி, அதாவது தெள்ளுக் காய்ச்சல், என்கிறார்கள். உண்மையிலேயே உண்ணி பரப்பும் காய்ச்சல் வேண்டுமானால், 1957-இல் கர்நாடகத்தின் ஷிமோகா மாவட்டத்தில் கண்டறியப்பட்ட கியாசனூர் காட்டுக் காய்ச்சலைச் சொல்லலாம்.

நம் ஊர்ப் பெயர்கள் உண்ணியை அது ஏறும் விலங்கை வைத்துப் பிரிக்கின்றன: மாட்டுண்ணி, நாயுண்ணி. அன்றாடத்துக்கு இது போதும். நாயின் காது மடலைத் திருப்பிப் பாருங்கள். எள்ளைவிடச் சற்றுப் பெரிதாக, தட்டையாக, காப்பிநிறத்தில் இருப்பது ஆண், அல்லது இன்னும் குடிக்காத பெண். பக்கத்திலேயே சாம்பல் நிறத்தில் ஆமணக்கு விதைபோல் உருண்டிருப்பது குடித்து முடித்த பெண். ஆணின் கெட்டியான முதுகுத் தகடு முதுகு முழுவதையும் மூடியிருப்பதால் அது அவ்வளவு ஊத முடியாது. பெண்ணுக்குத் தகடு முன்பாதியோடு சரி. ஆமணக்கு உவமை நமக்கு மட்டும் தோன்றியதல்ல. இலத்தீனில் ரிசினஸ் என்றால் உண்ணி. விதையைப் பார்த்து ஆமணக்குக்கே அந்தப் பெயரைச் சூட்டிவிட்டார்கள். நாமும் ஒரு செடிக்கு உண்ணிச்செடி என்று பெயர் வைத்திருக்கிறோம், லாண்டானாவுக்கு.

நாயுண்ணியின் அறிவியல் பெயர் ரிபிசெபாலஸ் சாங்குனியஸ். முதற்பாதி கிரேக்கம், ‘விசிறித் தலை’. பின்பாதி இலத்தீன், ‘இரத்த நிறம்’. 1806-இல் லத்ரேய் என்ற பிரெஞ்சு அறிஞர் இதை விவரித்தபோது எழுதியது மிகச் சுருக்கமான குறிப்பு. ஒப்பிட்டுப் பார்க்க மூல மாதிரியும், அதாவது பெயருக்குச் சான்றாகப் பாதுகாக்கும் உடலும், எஞ்சவில்லை. விளைவு, உலகத்தில் நாயின் மேல் கிடைத்த காப்பிநிற உண்ணியெல்லாம் இந்தப் பெயருக்குள் போயின.

குட்டு உடைந்தது தென் அமெரிக்காவில். பிரேசில் நாயுண்ணியையும் அர்ஜென்டினா நாயுண்ணியையும் ஆய்வகத்தில் இணைசேர்த்தபோது பிறந்த சந்ததி மலடாயிற்று. மைட்டோகாண்ட்ரியா மரபணுக்களும் அவற்றை வெப்பமண்டலக் கிளை, மிதவெப்பக் கிளை என்று இரண்டாகவே காட்டின. நாய்களைத் தாக்கும் எர்லிக்கியா கிருமியை வெப்பமண்டலக் கிளை நன்றாகக் கடத்தும். மிதவெப்பக் கிளை சோதனைகளில் கடத்தவில்லை. ஆக, இது வெறும் பெயர்ச் சண்டை இல்லை, கால்நடை மருத்துவரின் கவலை.

2018-இல் பிரான்சின் மான்பெலியேயில் பிடித்த உண்ணியைப் புதிய மூல மாதிரியாக அறிவித்து, சாங்குனியஸ் என்ற பெயரை மிதவெப்பக் கிளைக்கு உறுதிசெய்தார்கள். 2021-இல் வெப்பமண்டலக் கிளைக்கு, 1826-இல் எகிப்து உண்ணிக்கு ஔதுவான் என்ற பிரெஞ்சு அறிஞர் இட்டு மறந்துபோன லின்னேயி என்ற பெயர் தூசி தட்டி எடுக்கப்பட்டது. நம் சமவெளி நாய்களின் மேல் இருப்பது இந்த லின்னேயிதான்.

இப்படி உருவத்தில் ஒன்றாகவும் உயிரியலில் வேறாகவும் இருப்பவற்றுக்குக் கிரிப்டிக் ஸ்பீஷீஸ் என்று பெயர். கிரிப்டோஸ் என்றால் மறைந்தது. சொல்லுக்குச் சொல் வைத்தால் ‘மறை சிற்றினம்’ வரும். எனக்கு அது பிடிக்கவில்லை. இலைபோல் ஒளிந்திருக்கும் பூச்சியை அல்லவா அது நினைவூட்டுகிறது? உண்ணி எங்கும் ஒளியவில்லை, காது மடலில் பட்டப்பகலில் உட்கார்ந்திருக்கிறது. ‘ஒத்துருச் சிற்றினம்’ என்பதே என் தேர்வு. சிப்ளிங் ஸ்பீஷீஸ் என்பதற்கு உடன்பிறப்புச் சிற்றினம் சரி. பிரித்தறிய முடியாதபோது பெயருக்குப் பின்னால் ஒட்டும் ‘சென்சு லேட்டோ’வை ‘விரிபொருளில்’ என்றால் முடிந்தது.

உருவம் அறவே ஒன்றா என்றால், முற்றிலும் இல்லை. நுண்ணோக்கியில் வைத்து, வயிற்றோரம் இருக்கும் மூச்சுத் தட்டின் வால் எவ்வளவு அகலம், பெண்ணின் பிறப்புத் துளை எந்த வடிவம் என்று பார்ப்பார்கள். இரத்தம் குடித்து ஊதிய உண்ணியில் இந்த அளவெல்லாம் இழுபட்டுப் போகும்.

வரைபடத்தில் இரண்டையும் பிரிக்க, ஆண்டுச் சராசரி வெப்பம் 20 பாகை செல்சியஸ் என்ற கோட்டைப் பயன்படுத்துகிறார்கள். மேலே போனால் வெப்பமண்டலக் கிளை, கீழே மிதவெப்பம். அந்தக் கணக்குப்படி ஊட்டி கோட்டுக்குக் கீழே விழும். அதற்காக ஊட்டி நாயின் உண்ணியைச் சாங்குனியஸ் என்று சீட்டெழுதி ஒட்டிவிட முடியாது. நாய்கள் மேட்டுப்பாளையத்திலிருந்து காரில் ஏறி வருகின்றன. உண்ணியின் ஒரு காலை மட்டும் கிள்ளி டிஎன்ஏவுக்கு அனுப்பிவிட்டு, மீதி உடலைச் சாராயக் குப்பியில் போட்டு, விடை வரும்வரை சீட்டில் ‘நாயுண்ணி, விரிபொருளில்’ என்று எழுதி வைக்கலாம்.