பாலத்துக்கு எதற்குக் கூரை?

அமெரிக்காவின் வடகிழக்கு மூலையில், நியூ ஹாம்ப்ஷயர், வெர்மான்ட் மாநிலங்களின் சிற்றூர்ப் பக்கம் போனால், ஆற்றுக்குக் குறுக்கே பலகைச் சுவரும் சரிவுக் கூரையுமாக மரப்பாலங்கள் நிற்பதைக் காணலாம். தூரத்திலிருந்து பார்த்தால் வைக்கோல் கொட்டகை என்றே தோன்றும். கூரை எதற்கு என்று கேட்டால் ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள். ஓடும் தண்ணீரைக் கண்டு குதிரை மிரளாமல் இருக்க என்பார் ஒருவர். பாலத்தின் மேல் பனி சேராமல் இருக்க என்பார் மற்றொருவர்.

பனிக் கதை கொஞ்சமும் நிற்காது. அந்தக் காலத்தில் குளிர்காலப் போக்குவரத்தே சறுக்குவண்டிகளில்தான். வெறும் பலகைமேல் அவற்றை இழுக்கக் குதிரை திணறும். அதனால் வெளியிலிருந்து பனியை வாரிக்கொண்டு வந்து பாலத்துக்குள் பரப்புவதற்கென்றே ஊரில் ஆள் வைத்தார்கள்!

கூரை காப்பது மரத்தை. மரத்தை இற்றுப்போகச் செய்வது தண்ணீர் அல்ல, தண்ணீரை நம்பி வாழும் பூஞ்சை. மரத்தின் ஈரப்பதம் 20 விழுக்காட்டுக்குக் கீழே இருக்கும்வரை அதனால் தலைதூக்க முடியாது. 30 விழுக்காட்டை நெருங்கும்போது மரத்தின் செல்சுவர்கள் நீரால் நிறைந்துவிடுகின்றன. அதற்கு மேல் பூஞ்சைக்குக் கொண்டாட்டம். திறந்த பரப்பில் விழும் மழை வெயிலில் காய்ந்துவிடும். வினையெல்லாம் மூட்டுகளில்தான். இரண்டு மரங்கள் ஒட்டும் இடுக்கிலும், முளை அடித்த துளையிலும், குறுக்கே அறுத்த முனையிலும் புகுந்த ஈரம் லேசில் வெளியேறாது. பாரம் ஒரு மரத்திலிருந்து இன்னொன்றுக்குக் கைமாறுவதும் அதே இடங்களில்தான். கூரையில்லாத மரப்பாலம் தன் உயிர்நிலையிலிருந்தே அழியத் தொடங்குகிறது.

தச்சர்களுக்கு இது நன்றாகத் தெரிந்திருந்தது. பிலடெல்பியாவில் ஸ்கூல்கில் ஆற்றின் மேல் 1805-இல் திறக்கப்பட்ட பாலத்தைக் கட்டியவர் திமோதி பால்மர். மூடாமல் விட்டால் அது 10, 12 ஆண்டுதான் தாங்கும், மூடினால் 30, 40 ஆண்டு நிற்கும் என்பது அவருடைய கணக்கு. பாலக் கம்பெனியின் தலைவராக இருந்த நீதிபதி ரிச்சர்ட் பீட்டர்ஸ் கூரை வேண்டும் என்று விடாப்பிடியாக நின்றார்; கூரையும் வந்தது.

கூரையும் பலகைச் சுவரும் வெறும் போர்வைதான். பாரம் சுமப்பது சுவருக்குள்ளே மறைந்திருக்கும் சட்டகம். நான்கு கட்டைகளைச் சதுரமாக முளையடித்து ஓரத்தில் தள்ளிப்பாருங்கள், சாய்ந்துவிடும். மூன்று கட்டைகளால் ஆன முக்கோணம் சாயாது. அதன் வடிவம் மாற வேண்டுமானால் ஏதாவது ஒரு கட்டை நீள வேண்டும் அல்லது குறுக வேண்டும். கனெக்டிகட்டைச் சேர்ந்த கட்டடக் கலைஞர் இத்தியேல் டவுன் இந்த முக்கோணத்தை 1820-இல் கிராதியாகப் பின்னிக் காப்புரிமை பெற்றார். மேலே ஓர் உத்திரம், கீழே ஓர் உத்திரம், நடுவே இரு திசையிலும் சாய்த்து அடுக்கிய பலகைகள். பலகைகள் குறுக்கிடும் இடமெல்லாம் ஓக் மர முளைகள். வண்டி ஏறும்போது பாலம் கீழ்நோக்கி வளையப் பார்க்கும். மேல் உத்திரம் அமுக்கப்படும், கீழ் உத்திரம் இழுபடும். சாய்ந்த பலகைகளில் ஒரு பாதி அமுக்கத்தையும் மறுபாதி இழுப்பையும் வாங்கிக்கொண்டு பாரத்தைக் கரைக்குக் கடத்தும். ஒரு பலகை கெட்டாலும் பக்கத்துப் பலகைகள் ஈடுகொடுக்கும்.

பெரிய உத்திரக் கட்டைகளோ நுட்பமான மூட்டு வேலையோ தேவையில்லை. அறுத்த பலகையும் துளை போடத் தெரிந்த தச்சரும் இருந்தால் போதும். கெட்டிக்காரரான டவுன், பாலத்தின் ஒவ்வோர் அடிக்கும் ஒரு டாலர் உரிமைத்தொகை வாங்கினார். கேட்காமல் கட்டிப் பிடிபட்டால் இரண்டு டாலர்.

நியூ ஹாம்ப்ஷயரின் கார்னிஷுக்கும் வெர்மான்டின் வின்ட்சருக்கும் இடையே, கனெக்டிகட் ஆற்றின் மேல், இந்தக் கிராதிப் பால வகையின் பெருமைக்குரிய பாலம் நிற்கிறது. அந்த இடத்தில் 1796 முதல் மூன்று பாலங்கள் இருந்தன. மூன்றாவது 1866 மார்ச் வெள்ளத்தில் போயிற்று. அதே ஆண்டு ஜேம்ஸ் டாஸ்கரும் பேலா பிளெட்சரும் 9,000 டாலர் செலவில் நான்காவதைக் கட்டி முடித்தார்கள். நீளம் ஏறத்தாழ 450 அடி, நடு ஆற்றில் ஒரே ஒரு தூண். மெல்லிய பலகைகளுக்குப் பதில் கனத்த சதுரக் கட்டைகளை, குறுக்கிடும் இடத்தில் செதுக்கி ஒன்றுக்குள் ஒன்று அமர வைத்திருக்கிறார்கள். குதிரையை நடத்திச் செல்லாவிட்டால் இரண்டு டாலர் அபராதம் என்ற எச்சரிக்கைப் பலகை வாசலில் இன்றும் இருக்கிறது. இது வெறும் அதிகாரம் அல்ல. பாய்ந்தோடும் குளம்பும் வண்டியும் கொடுக்கும் அதிர்வு, நின்ற பாரத்தைவிட மூட்டுகளை அதிகம் உலுக்கும்.

மாநில எல்லை ஆற்றின் மேற்குக் கரையை ஒட்டிப் போவதால் பாலம் அநேகமாக முழுவதும் நியூ ஹாம்ப்ஷயருக்கே சொந்தம். பராமரிப்புச் செலவும் அப்படியே. 1943 வரை சுங்கம் வசூலித்தார்கள். காலப்போக்கில் தொய்ந்துபோன சட்டகத்தை 1989-இல் சீரமைக்க 44.5 இலட்சம் டாலர் ஆயிற்று. இப்போதும் கார்கள் போய்வருகின்றன. பால்மரின் 40 ஆண்டுக் கணக்கு எப்போதோ தாண்டியாயிற்று.

மேலிருந்து வரும் தண்ணீருக்குத்தான் கூரை மருந்து, கீழிருந்து வருவதற்கு அல்ல. வெர்மான்டின் பார்ட்டன்ஸ்வில்லில் 1870 முதல் நின்ற டவுன் கிராதிப் பாலத்தை 2011 ஆகஸ்ட் 28 அன்று ஐரீன் புயல் வெள்ளம் அடித்துக்கொண்டு போயிற்று. 2013-இல் அங்கே திறந்த புதிய பாலம் பழையதைவிடச் சற்று நீளம். சட்டகம் மட்டும் அதே கிராதி, அதன் மேல் அதே கூரை.