அறுபது மணி நேர ஃபுட்டேஜை யார் பார்ப்பது?

“ஷூட்டிங் முடிஞ்சாச்சு, எடிட் மட்டும்தான் பாக்கி. ஒரு வாரத்துல முடிச்சிடலாமா?” ஆவணப்பட எடிட்டர்களின் காதில் அடிக்கடி விழும் வாசகம் இது. நான் பதிலுக்கு ஒன்றுதான் கேட்பேன்: எத்தனை மணி நேரம் எடுத்திருக்கிறீர்கள்?

தொலைக்காட்சிக்கான 52 நிமிடப் படத்துக்கு 60 மணி நேர ஃபுட்டேஜ் வந்து குவிவது அதிசயமில்லை. நாளைக்கு ஆறு மணி நேரம் உட்கார்ந்தாலும் பார்த்து முடிக்கவே பத்து நாள் வேண்டும். நிறுத்தி, குறிப்பெடுத்து, பேட்டிகளை டைம்கோடோடு (எந்த இடத்தில் வருகிறது என்று காட்டும் நேர எண்) எழுதி வைக்க இன்னும் அதே அளவு நாள் ஓடும். அதுவரை டைம்லைனில், அதாவது ஷாட்களை வரிசையாக அடுக்கும் இடத்தில், ஒரு ஷாட்கூட ஏறியிருக்காது. இந்தத் துறைக்கு வருகிறவர்களும் சரி, எடிட்டரை அமர்த்துகிறவர்களும் சரி, இந்தப் பார்க்கும் வேலையை வேலையாகவே கணக்கில் எடுப்பதில்லை.

கதைப்படத்தில் காட்சிகள் எண் போட்டு எழுதப்பட்டு எடிட்டரிடம் வருகின்றன. ஆவணப்படத்தில் திரைக்கதையின் பெரும்பகுதி எடிட் அறையில்தான் பிறக்கிறது. 1969-இல் வந்த ‘சேல்ஸ்மேன்’ ஆவணப்படத்தின் எடிட்டர் சார்லட் ஸ்வெரின். படத்தை எடுத்த மேசல்ஸ் சகோதரர்களோடு அவர் பெயரும் இயக்குநராகவே இடம்பெற்றது. நம் ஊரில் டைட்டிலில் பெயர் எழுத்துப்பிழையில்லாமல் வந்தாலே போதும் என்றிருக்கிறோம், அது வேறு கதை.

மென்பொருளைப் பற்றி அதிகம் கவலைப்பட வேண்டாம். டாவின்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருளுக்கு இலவசப் பதிப்பே இருக்கிறது, சில மாதங்களில் கை பழகிவிடும். முறையாகப் படிக்க நினைப்பவர்களுக்குப் புனே திரைப்படக் கல்லூரி, கொல்கத்தாவில் சத்யஜித் ராய் பெயரிலான நிறுவனம், சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். பெயரிலான கல்லூரி என வழிகள் உண்டு. இடம் கிடைக்காவிட்டால் ஓர் எடிட்டரிடம் அசிஸ்டென்ட்டாகச் சேருங்கள். ஒலியைப் படத்தோடு சிங்க் செய்வது, கிளிப்புகளுக்குப் பெயரிடுவது, ப்ராக்ஸி (எடிட் செய்ய எளிதான சிறிய நகல்) போடுவது என்று சலிப்பான வேலைகளாகத்தான் கிடைக்கும். ஆனால் 4கே ப்ரோரெஸ் எச்க்யூ என்ற உயர்தர வீடியோ வடிவத்தில் ஒரு மணி நேரமே சுமார் 330 ஜிபி பிடிக்கும். அதை ஒரே ஹார்ட் டிஸ்க்கில் வைத்துக்கொண்டு நிம்மதியாகத் தூங்க முடியாது; வெவ்வேறு இடங்களில் இரண்டு பிரதியாவது வேண்டும். இந்த ஒழுங்கெல்லாம் அசிஸ்டென்ட்டாக இருக்கும்போதுதான் படியும்.

எனக்கு இதையெல்லாம்விட முக்கியமாகப் படுவது பேட்டியை வெட்டுவது. இருமலையும் ‘வந்து, வந்து’ என்ற இழுவையையும் எடுத்தால் யாருக்கும் நஷ்டமில்லை. ஆனால், “உங்க நிலத்தைக் கொடுக்கச் சம்மதிச்சீங்களா?” என்று கேட்டதும் ஒருவர் நெடுநேரம் பேசாமல் இருந்துவிட்டு “ஆமா” என்கிறார் என்று வையுங்கள். அந்த மௌனத்தை நீக்கினால் அவர் சொன்னதே மாறிவிடுகிறது. வேறு கேள்விக்குச் சொன்ன “ஆமா”வை இங்கே ஒட்டுவது இன்னும் மோசம். வெட்டிய இடத்தின் மேல் கைகளையோ வயலையோ காட்டும் ஷாட்டைப் போட்டுவிட்டால் பார்வையாளருக்குத் தையல் தெரியாது. தெரியாது என்பதால்தான் பொறுப்பு எடிட்டரிடம் வந்து சேர்கிறது. சந்தேகம் வந்தால் முழுப் பேட்டியையும் மறுபடி ஓட்டிப் பார்ப்பேன். டெட்லைன் நெருக்கும்போது முதலில் காவு கொடுக்கப்படுவதும் அந்த நேரம்தான்.

அதனால் சம்பளம் பேசும்போது நாள் கணக்கில் பேசுங்கள். படத்துக்கு இவ்வளவு என்று மொத்தமாக ஒப்புக்கொண்டால் ஃபுட்டேஜ் கூடக் கூட நஷ்டம் உங்களுக்குத்தான். பேட்டிகளை எழுதித் தருவது யார், ரஃப் கட்டுக்கு (முதல் வரைவு எடிட்) பிறகு எத்தனை சுற்றுத் திருத்தம், பிக்சர் லாக் ஆன பிறகு, அதாவது படத்தின் வெட்டு இறுதியான பிறகு, மாற்றம் கேட்டால் அதற்கு என்ன கணக்கு, டைட்டிலில் பெயர் எப்படி வரும் என்பதையெல்லாம் ஒரு மின்னஞ்சலிலாவது எழுதி வாங்குங்கள். தெரிந்தவர், நண்பர் என்றால் கட்டாயம் வாங்குங்கள். முன்பணம், ரஃப் கட், லாக் என்று மூன்று தவணையாகப் பிரித்துக்கொள்வது நல்லது. ஹார்ட் டிஸ்க் தயாரிப்பாளர் செலவில் வரட்டும். திருப்பித் தரும்போது ஒரு கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள்.