தலையணைக்கு அடியில் இருக்கும் ரொட்டியை எடுக்காதீர்கள்

மெல்பர்ன் முதியோர் இல்லங்களில் நம் ஊர்ப் பிள்ளைகள் நிறையப் பேர் வேலை பார்க்கிறார்கள். முக்கியமாக அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். நாஜி முகாம்களில் பிழைத்த யூதர்கள் பலர் போருக்குப் பிறகு இந்த நகரத்தில் குடியேறினார்கள். இன்று அவர்களில் மிக இளையவருக்கே எண்பதைத் தாண்டிவிட்டது.

முதியோர் மனநலச் செவிலியாக நான் அடிக்கடி கேட்கும் புகார், "குளிக்க வரமாட்டேங்கிறாங்க, அடிக்கிறாங்க" என்பது. கோப்பில் 'முரட்டுத்தனம்' என்று எழுதிவிட்டு, மாத்திரை கேட்டு டாக்டரிடம் போகிறார்கள். அதே கோப்பின் முதல் பக்கத்தில் பிறந்த நாடு ஹங்கேரி என்று இருக்கும். அதை ஒருவரும் கவனித்திருக்க மாட்டார்கள்.

1944 மே நடுவிலிருந்து ஜூலைக்குள் ஹங்கேரியிலிருந்து நாலு லட்சத்துக்கும் அதிகமான யூதர்களைச் சரக்கு ரயிலில் ஏற்றினார்கள். பெரும்பாலோர் போய்ச் சேர்ந்த இடம் ஆஷ்விட்ஸ், போலந்தில் நாஜிகள் நடத்திய கொலை முகாம். குளிக்கப் போகிறீர்கள் என்று சொல்லித்தான் விஷவாயு அறைக்குள் அனுப்பினார்கள். வேலைக்கு ஒதுக்கப்பட்டவர்களை நிர்வாணமாக நிறுத்தி மொட்டையடித்தார்கள். பலருக்குக் கையில் எண்ணைப் பச்சை குத்தினார்கள். (இந்தப் பச்சை ஆஷ்விட்ஸில் மட்டும்தான், அங்கும் எல்லாருக்கும் இல்லை. கையில் எண் இல்லாததால் முகாமில் இருக்கவில்லை என்று முடிவு செய்துவிட வேண்டாம்.)

டிமென்ஷியா என்ற மறதி நோயில் அண்மை நினைவுகள்தான் முதலில் போகும். கடை நடத்தியதும் பேரப்பிள்ளைகளின் பெயரும் மறந்துபோக, பதினைந்து வயதில் பட்டது நிற்கும். பிற்காலத்தில் கற்ற ஆங்கிலமும் நழுவி, ஹங்கேரியனோ, ஐரோப்பிய யூதர்களின் மொழியான யிட்டிஷோ மட்டும் மிஞ்சும். அந்த நிலையில் நான்கு பேர் சேர்ந்து உடையைக் கழற்றி, மேலிருந்து தண்ணீரைத் திறந்துவிட்டால் அலறாமல் என்ன செய்வார்?

குளியலறை வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள். அறையிலேயே வெந்நீரும் துண்டும் வைத்து, உடம்பை மூடியபடி பகுதி பகுதியாகத் துடைத்தால் போதும். ஒருவரே, தினமும் தெரிந்த முகமே போகட்டும். இரவு ரோந்தில் டார்ச்சை முகத்தில் அடிக்காதீர்கள். எல்லாரையும் வரிசையில் நிறுத்தாதீர்கள். சீருடை சிலருக்கு மிரட்சி தரும், அப்போது மேலே ஒரு ஸ்வெட்டர் போட்டுக்கொள்ளுங்கள். முகாமில் பட்டினி கிடந்த பயத்தில் ரொட்டியைத் தலையணைக்கு அடியில் ஒளித்து வைத்தால் பிடுங்காதீர்கள். அவர் பார்க்க, பழையதற்குப் பதில் புதியதை வையுங்கள். கையெட்டும் தூரத்தில் சாப்பாடு இருக்கிறது என்று தெரிந்தாலே சிலர் நிம்மதியாகத் தூங்குவார்கள். இவ்வளவும் செய்து பார்க்காமல் மாத்திரைக்குப் போவதை நான் ஏற்பதில்லை.

அப்புறம், கதையைச் சொல்லச் சொல்லி யாரையும் நச்சரிக்காதீர்கள். பிள்ளைகளிடம்கூட வாய் திறக்காமல் வாழ்ந்தவர்கள் உண்டு. அது அவர்கள் உரிமை. தானாகப் பேசினால் வேலையை நிறுத்திவிட்டு உட்காருங்கள். "தங்கச்சி போயிட்டா, நான் மட்டும் ஏன் இருக்கேன்" என்று பிழைத்தவர்கள் கேட்பதை மனநல மருத்துவர் வில்லியம் நீடர்லாந்து 1960களிலேயே ஆராய்ந்து எழுதினார். அதற்கு ஆறுதலாக ஏதாவது சொல்லி மூடிவிடத் தோன்றும். அவசரப்படாதீர்கள். தங்கச்சி பெயர் என்ன என்று கேளுங்கள்.