வண்ணத்துப்பூச்சிக் கூண்டுக்கு வேப்பம்புண்ணாக்கு ஆகாது

வண்ணத்துப்பூச்சி வளர்க்கும் வலைக்கூண்டில் தோட்ட வேலை கொஞ்சம் தலைகீழானது. செடியைப் புழு தின்ன வேண்டும். தின்னத் தின்னச் செடி தழைக்கவும் வேண்டும். அதற்கு என்ன உரம் போடுவது என்பதுதான் கேள்வி. எலுமிச்சை வண்ணத்துப்பூச்சியின் புழுவுக்குக் கறிவேப்பிலையும் நாரத்தையும், வெந்தய வரியனின் புழுவுக்கு எருக்கு. ஸ்ரீரங்கத்தில் இருப்பது போன்ற பெரிய பூங்காவானாலும் மொட்டைமாடிக் கூண்டானாலும் இதில் வித்தியாசம் இல்லை.

காய்ந்த இலையின் எடையில் நைட்ரஜன் பெரும்பாலும் 1 முதல் 5 சதவீதம்தான். பூச்சியின் உடம்பிலோ 10 சதவீதத்தை ஒட்டி இருக்கும். அந்த இடைவெளியை நிரப்பத்தான் புழு ஓயாமல் மேய்கிறது. இலையில் நைட்ரஜன் குறைந்தால் இன்னும் அதிகமாக மேயும், வளரவும் நாளாகும்.

யூரியா போட்டால் என்ன? இலை மளமளவென்று கொழுக்கும்தான். கூடவே இலைச்சாற்றில் அமினோ அமிலங்கள் ஏறும். அதைத் தேடி அசுவினியும் மாவுப்பூச்சியும் பெருகும். வெளித்தோட்டம் என்றால் மருந்து அடித்துவிடலாம். கூண்டுக்குள் அடித்தால் வளர்க்கிற புழுவும் சேர்ந்து போய்விடும்.

அதனால் கூண்டுக்கு ஏற்றது மட்கு எரு. அதில் நைட்ரஜனின் பெரும்பகுதி கரிமச் சேர்மங்களுக்குள் பூட்டிக் கிடக்கிறது. நுண்ணுயிர்கள் அதை மெல்ல உடைத்து அம்மோனியமாக்குகின்றன. நைட்ரோசோமோனாஸ் போன்ற பாக்டீரியாக்கள் அதை நைட்ரைட்டாகவும், வேறு சில அதை நைட்ரேட்டாகவும் மாற்றுகின்றன. வேர் பெரும்பாலும் உறிஞ்சுவது இந்த நைட்ரேட்டையும் அம்மோனியத்தையும்தான். சூடும் ஈரமும் இருந்தால் இந்த வேலை வேகமெடுக்கும். எப்போதும் நீர் தெளிக்கும் கூண்டில் மட்கு சீக்கிரம் கரைந்துபோவதும் இதனால்தான். ஒரே தடவையில் கொட்டாமல், அவ்வப்போது மேலாகப் போட்டு வருவது நல்லது. புழுவின் எச்சமும் தொட்டியில் விழுந்து, தின்ற நைட்ரஜனில் ஒரு பங்கைத் திருப்பிக் கொடுக்கும்.

ஆனால் எரு நன்றாக மட்கியிருக்க வேண்டும். கார்பனும் நைட்ரஜனும் 25 முதல் 30-க்கு 1 என்ற அளவில் இருக்கும்படி சருகையும் பசுந்தழையையும் கலந்து, ஒரு மீட்டர் உயரத்துக்காவது குவித்தால், உள்ளே 55 முதல் 65 டிகிரி செல்சியஸ் வரை சூடேறும். களை விதைகளும் பல நோய்க்கிருமிகளும் அந்தச் சூட்டில் அழியும். அரைகுறை மட்கைப் போட்டால் நுண்ணுயிர்களே மண்ணின் நைட்ரஜனை இழுத்துக்கொள்ளும், இலை வெளுக்கும். எறும்பும் வரும். வண்ணத்துப்பூச்சி முட்டையை எறும்பு விட்டுவைக்காது.

அப்புறம், நம் ஊர்ப் பழக்கம் ஒன்று: எருவோடு ஒரு கை வேப்பம்புண்ணாக்கு. பூச்சியை விரட்டுவதால் காய்கறிக்கு அருமையான யோசனை. இங்கே அதே குணம்தான் வினை. புண்ணாக்கில் மிஞ்சியிருக்கும் அசாடிராக்டின் என்ற வேம்பின் பூச்சிவிரட்டிப் பொருளை வேர் உறிஞ்சி இலைக்கு அனுப்பக்கூடும். அந்த இலையைப் புழு தின்னத் தயங்கும். தின்றாலோ தோலுரிப்பைக் கட்டுப்படுத்தும் ஹார்மோன் குழம்பி, தோலுரிப்பு பாதியிலேயே நின்றுவிடும். குவியலில் போடும் தழை எங்கிருந்து வந்தது என்றும் கேட்டுக்கொள்ள வேண்டும். இமிடாகுளோபிரிட் போன்ற பூச்சிக்கொல்லிகள் செடியின் உடம்புக்குள்ளேயே தங்கக்கூடியவை.

வைரஸ் நோயில் கறுத்து, தொளதொளத்துச் செத்த புழுவைக் குவியலில் போடவே கூடாது. அந்த வைரஸ் ஒரு புரதக் கூட்டுக்குள் ஒளிந்து மண்ணில் ஆண்டுக்கணக்கில் உயிர்ப்போடு இருக்கும். புழுவையும் அது விழுந்த மேல்மண்ணையும் அள்ளி வெளியே அப்புறப்படுத்திவிட்டு, அந்தத் தொட்டிக்குப் புதிய மண் போடுவதுதான் சரி.