குளிர் தேடிய பீர்: அமெரிக்க ஊர் ஆலைகள் பெருகியதும் மறைந்ததும்

1873-ஆம் ஆண்டில் அமெரிக்க ஐக்கிய நாடுகளில் 4,100-க்கும் மேற்பட்ட பீர் ஆலைகள் இயங்கிக்கொண்டிருந்தன. அன்றைய மக்கள்தொகை ஏறத்தாழ நான்கு கோடி. ஒரு தேவாலயம், ஒரு மாவு ஆலை, ஒரு பீர் ஆலை என்பதே அந்தக் காலத்துச் சிற்றூர்கள் பலவற்றின் அமைப்பாக இருந்தது. 1970களின் இறுதிக்குள் அந்த எண்ணிக்கை நூற்றுக்கும் கீழே இறங்கிவிட்டது. 1920-இல் வந்த மதுவிலக்கே இதற்குக் காரணம் என்று பொதுவாகச் சொல்வார்கள். சட்டத்தின் பங்கு பெரியது என்பதில் ஐயமில்லை. ஆனால் சட்டம் வருவதற்குச் சில ஆண்டுகள் முன்பே ஆலைகளின் எண்ணிக்கை மூன்றில் ஒரு பங்காகச் சுருங்கியிருந்தது என்ற உண்மை பெரும்பாலும் கவனிக்கப்படுவதில்லை. அந்த முதல் சரிவுக்கான விடை ஈஸ்ட் என்னும் ஒற்றைச் செல் பூஞ்சையின் இயல்பிலும், அது கேட்ட குளிரை மனிதர்கள் எவ்வாறு தேடிக் கொடுத்தார்கள் என்பதிலும் இருக்கிறது என்றே நான் கருதுகிறேன்.

பீர் உருவாகும் விதத்தை முதலில் பார்த்துவிடலாம். பார்லியை நீரில் ஊறவைத்து, முளைவிடத் தொடங்கியதும் சூடான காற்றில் உலர்த்தினால் மால்ட் கிடைக்கிறது. முளைக்கும்போது தானியத்துக்குள் உருவாகும் அமிலேஸ் என்ற நொதிகள், மால்ட்டை நொறுக்கி 65 டிகிரி செல்சியஸை ஒட்டிய வெந்நீரில் கலக்கும்போது, மாவுச்சத்தைச் சர்க்கரையாக உடைக்கின்றன. வடித்தெடுத்த இனிப்புச் சாற்றை ஹாப்ஸ் பூக்களுடன் கொதிக்க வைக்கிறார்கள். ஹாப்ஸ் கசப்பைத் தருவதோடு, சாற்றைப் புளிக்கவைக்கும் சில பாக்டீரியாக்களையும் தடுக்கிறது. ஆறிய சாற்றில் ஈஸ்ட்டைச் சேர்த்தால் அது சர்க்கரையை உண்டு ஆல்கஹாலையும் கார்பன் டை ஆக்சைடையும் வெளியிடுகிறது. கூடவே வெப்பமும் வெளிப்படுகிறது. இந்த வெப்பம்தான் நம் கதையில் பெரும் பங்கு வகிக்கப்போகிறது.

இங்கிலாந்திலிருந்து வந்து குடியேறியவர்கள் காய்ச்சியது ஏல் என்ற வகை. அதற்கான ஈஸ்ட் 15 முதல் 24 டிகிரி வரையிலான வெப்பத்தில் சுறுசுறுப்பாக இயங்கி, சில நாட்களில் வேலையை முடித்துவிடும். சிறிய கொப்பரையும் ஒரு மரப்பீப்பாயும் இருந்தால் வீட்டிலேயே காய்ச்சலாம். ஜார்ஜ் வாஷிங்டன் 1757-இல் எழுதிய குறிப்பேடு ஒன்றில் தவிடு, ஹாப்ஸ், வெல்லப்பாகு போன்ற மொலாசஸ் ஆகியவற்றைக் கொண்டு மென்மையான பீர் செய்யும் முறை காணப்படுகிறது. மால்ட் கிடைக்காத இடத்தில் கையில் உள்ளதைக் கொண்டு சமாளித்த காலம் அது. இந்த வகையின் குறை வேறிடத்தில் இருந்தது. ஏல் ஈஸ்ட்டுக்குப் பிடித்த வெப்பமே பாக்டீரியாக்களுக்கும் பிடிக்கும் என்பதால், அமெரிக்கக் கோடையில் பீப்பாய்கள் விரைவில் புளித்தன. வண்டியில் இரண்டு நாள் பயணம் என்றாலே ஆபத்துதான். ஆகவே குடிப்பவர் வாழும் ஊரிலேயே காய்ச்ச வேண்டியிருந்தது.

ஜெர்மனியின் பவேரியாப் பகுதியில் இதே சிக்கலுக்கு வேறொரு விடை கிடைத்திருந்தது. கோடையில் பீர் கெடுவதைக் கண்ட அரசு, ஏப்ரல் 23 முதல் செப்டம்பர் 29 வரை காய்ச்சக் கூடாது என்று 1553-இல் ஆணையிட்டது. குளிர்காலத்தில் மட்டும் காய்ச்சி, மலையடிவாரக் குகைகளில் சேமித்ததால், குளிரைத் தாங்கி மெதுவாக இயங்கி, வேலை முடிந்ததும் பீப்பாயின் அடியில் படியும் ஈஸ்ட்டே அங்கு ஆண்டுக்கு ஆண்டு நிலைபெற்றது. இப்படிக் குளிரில் நொதித்து, குளிரிலேயே சேமிக்கப்படும் பீர் வகைதான் லாகர். இன்று சாக்கரோமைசிஸ் பாஸ்டோரியானஸ் என்று அழைக்கப்படும் இந்த லாகர் ஈஸ்ட் ஒரு கலப்பினம். அதன் பெற்றோரில் ஒன்று ஏல் ஈஸ்ட். குளிர் தாங்கும் மற்றொன்று எது என்பது நெடுநாள் புதிராக இருந்தது. 2011-இல்தான் அர்ஜென்டினாவின் படகோனியாக் காடுகளில், தென்பகுதி பீச் மரங்களில் வளரும் முண்டுகளில், சாக்கரோமைசிஸ் யூபயானஸ் என்ற அந்த உறவினர் அடையாளம் காணப்பட்டது.

பிலடெல்பியாவில் ஜான் வாக்னர் என்பவர் 1840-ஐ ஒட்டிப் பவேரியாவிலிருந்து இந்த ஈஸ்ட்டைக் கொண்டுவந்து சிறிய அளவில் காய்ச்சியதே அமெரிக்க லாகரின் தொடக்கமாகக் கருதப்படுகிறது. அடுத்த இருபது ஆண்டுகளில் லட்சக்கணக்கான ஜெர்மானியர்கள் வந்து குடியேறினார்கள். தெளிந்த நிறமும் நுரையும் லேசான சுவையும் கொண்ட அந்த பீர் அவர்களோடு மேற்கு நோக்கிப் பரவியது. ஆனால் லாகருக்கு 8 முதல் 13 டிகிரி வரையிலான குளிரில் நொதித்தலும், அதன்பின் உறைநிலையை ஒட்டிய குளிரில் பல வாரங்கள் முதல் சில மாதங்கள் வரை சேமிப்பும் வேண்டும். இயந்திரக் குளிர்பதனம் இல்லாத நாட்டில் இந்தக் குளிருக்கு எங்கே போவது?

மிச்சிகன் ஏரிக்கரையிலுள்ள மில்வாக்கி இதற்குப் பொருத்தமான இடமாக அமைந்தது. ஜேக்கப் பெஸ்ட் 1844-இலும், ஆகஸ்ட் க்ரூக் 1849-இலும், வாலன்டின் பிளாட்ஸ் 1851-இலும் அங்கே ஆலைகளைத் தொடங்கினர். 1855-இல் பிரெடெரிக் மில்லர் ஏற்கெனவே இருந்த ஓர் ஆலையை வாங்கினார். இவர்கள் அனைவருக்கும் வேண்டிய மூலப்பொருள்களில் ஒன்று பனிக்கட்டி. குளிர்காலத்தில் நீர்ப்பரப்பு போதிய கனத்துக்கு உறைந்தவுடன் பனி அறுவடை தொடங்கும். மேலே படிந்த தூள்பனியை முதலில் சுரண்டி அகற்றுவார்கள், அது போர்வைபோல் குளிரைத் தடுத்துக் கட்டியின் கனம் கூடாமல் செய்யும் என்பதால். பிறகு பற்கள் கொண்ட கலப்பையைக் குதிரை இழுத்துச்செல்ல, உறைந்த பரப்பில் நீளவாக்கிலும் குறுக்காகவும் கோடுகள் விழும். ஆட்கள் நீண்ட ரம்பத்தால் அந்தக் கோடுகளை அறுத்து, கட்டிகளை வெட்டிவைத்த கால்வாய் வழியே கோல்களால் தள்ளிக் கரையேற்றுவார்கள். மரத்தூள் நிரப்பிய இரட்டைச் சுவர்கள் கொண்ட கிடங்கில் அவை இடைவெளியின்றி அடுக்கப்படும். மரத்தூளின் இடுக்குகளில் சிக்கிய அசையாத காற்று வெப்பம் புகுவதைத் தடுப்பதால், தை மாதத்தில் வெட்டிய கட்டி ஆவணி வரை தாங்கும்.

பனிக்கட்டி இவ்வளவு திறமையாகக் குளிர்விப்பதற்குக் காரணம் அதன் உருகும் மறைவெப்பம். ஒரு கிலோ பனிக்கட்டி, தன் வெப்பநிலை சிறிதும் உயராமல், உருகுவதற்கு மட்டுமே 334 கிலோஜூல் வெப்பத்தைச் சுற்றுப்புறத்திலிருந்து இழுத்துக்கொள்கிறது. 80 கிலோ நீரை ஒரு டிகிரி குளிர்விப்பதற்கு இது போதும். நிலத்தடி அறை கோடையிலும் 10 முதல் 13 டிகிரிக்குள் நிற்கும் என்றாலும், ஈஸ்ட் வெளியிடும் வெப்பத்தை வாங்கிக்கொண்டு அறையை உறைநிலைக்கு அருகில் இறக்கும் வேலையைப் பனிக்கட்டிதான் செய்தது.

இத்தனை பாடுபட்டுப் பீரைக் காத்திருக்க வைப்பதில் என்ன நடக்கிறது என்று கேட்கலாம். நொதித்தலின்போது ஈஸ்ட் வெளியிடும் பொருள்கள் சிலவற்றின் வழியே டையசெட்டைல் என்ற, வெண்ணெய் மணம் கொண்ட சேர்மம் உருவாகிறது. காத்திருக்கும் காலத்தில் ஈஸ்ட் அதைத் திரும்ப உறிஞ்சி மணமற்றதாக மாற்றிவிடும். கந்தக வாடை வாயுவோடு மெல்ல வெளியேறும். குளிரில் புரதமும் தானிய உமியிலிருந்து வந்த பாலிபீனால்களும் ஒன்றோடொன்று ஒட்டிக் கனத்து அடியில் தங்க, பீர் தெளிகிறது. குளிர்ந்த திரவத்தில் கார்பன் டை ஆக்சைடு அதிகம் கரையும் என்பதால் நுரையும் நிலைக்கிறது. பாக்டீரியாவோ அந்தக் குளிரில் பெருக முடியாமல் முடங்கிக் கிடக்கும்.

இதனால் ஆலைகள் குளிர் கிடைத்த இடங்களில் வேரூன்றின. செயின்ட் லூயிஸ் நகரின் அடியில் இயற்கையாக அமைந்த சுண்ணாம்புப் பாறைக் குகைகளை ஆடம் லெம்ப் போன்றோர் சேமிப்பறைகளாக்கிக்கொண்டனர். சின்சினாட்டியில் ஜெர்மானியர் வாழ்ந்த பகுதியின் தெருக்களுக்கு அடியில் வளைவுக் கூரையிட்ட செங்கல் சுரங்கங்கள் எழுந்தன. பென்சில்வேனியாவின் பாட்ஸ்வில்லில் 1829-இல் தொடங்கிய யூங்லிங் ஆலை, மலைச்சரிவைக் குடைந்து தன் அறைகளை அமைத்தது. குளிரைத் தூக்கிச் செல்ல முடியாதவரை பீரும் வெகுதூரம் போகவில்லை. ஊருக்கு ஓர் ஆலை என்ற ஏற்பாடு நீடித்ததன் அடிப்படை இதுதான்.

மில்வாக்கியின் நிலைமை சற்று வேறானது. ஆலைகள் காய்ச்சிய அளவுக்கு அந்த ஊரில் குடிப்பவர்கள் இல்லை; வெளியூர்ச் சந்தை அவர்களுக்குத் தொடக்கத்திலிருந்தே தேவைப்பட்டது. 1871 அக்டோபரில் சிகாகோவைப் பெருந்தீ அழித்தபோது, க்ரூக்கின் ஆலையைப் பின்னர் ஏற்று நடத்திய ஜோசப் ஷ்லிட்ஸ் அங்கே பீரை அனுப்பிவைத்தார். உள்ளூர் ஆலைகள் பல எரிந்துபோன அந்த நகரம் மில்வாக்கி பீருக்கு நிலையான சந்தையாயிற்று. செயின்ட் லூயிஸில் அடால்பஸ் புஷ் 1870களில் பனிக்கட்டி அடைத்த ரயில் பெட்டிகளையும், அவற்றுக்கு வழியில் பனி நிரப்பித்தரும் கிடங்குகளையும் ஏற்பாடு செய்தார். புட்டியை நீரில் மூழ்கவைத்து 60 டிகிரியை ஒட்டிச் சூடாக்கிக் கிருமிகளைக் கொல்லும் பாஸ்டர் முறையையும் அவர் அப்போதே கையாண்டார்.

அடுத்து வந்தது ஜெர்மன் பொறியாளர் கார்ல் வான் லிண்டேயின் குளிர்பதன இயந்திரம். மைனஸ் 33 டிகிரியிலேயே கொதித்துவிடும் அமோனியாவைக் குழாய்க்குள் ஆவியாக்கினால் அது சுற்றுப்புறத்தின் வெப்பத்தை உறிஞ்சும். அந்த ஆவியை அழுத்தித் திரவமாக்கும்போது வெப்பம் வெளியே தள்ளப்படும். இந்தச் சுழற்சி ஓயாமல் நடந்தால் ஏரியும் வேண்டாம், குகையும் வேண்டாம். 1883-இல் கோபன்ஹேகனின் கார்ல்ஸ்பெர்க் ஆய்வகத்தில் எமில் கிறிஸ்டியன் ஹான்சன் ஒரே ஈஸ்ட் செல்லிலிருந்து தூய வளர்ப்பை உருவாக்கிக் காட்டியதும், எந்த ஊரிலும் எந்த மாதத்திலும் ஒரே சுவையில் காய்ச்ச முடிந்தது. 1890-இல் ஒரு வரிச்சட்டத் திருத்தம் வந்தது. அதுவரை பீரைப் பீப்பாயில் அடைத்து வரி முத்திரை ஒட்டிய பிறகே புட்டியில் நிரப்பும் கட்டடத்துக்குக் கொண்டுபோக வேண்டும். இனிக் குழாய் வழியாகவே அனுப்பலாம் என்றானது. 1892-இல் பால்டிமோரின் வில்லியம் பெயின்டர் நெளிவோரம் கொண்ட தகர மூடியை உருவாக்கினார். லிண்டே இயந்திரத்தை வாங்கும் வசதி பெரிய ஆலைக்கே இருந்தது. ரயில் நிலையத்தில் வந்திறங்கும் மலிவான, கெடாத புட்டி பீரோடு சிற்றூர் ஆலைகள் போட்டியிட வேண்டியதாயிற்று. 1890களில் மில்வாக்கியின் பேப்ஸ்ட் ஆலை மட்டுமே ஆண்டுக்கு 10 லட்சம் பீப்பாய்களை எட்டியது.

சுவையும் இதே காலத்தில்தான் மாறியது. அமெரிக்காவில் பரவலாக விளைந்த ஆறு வரிசைப் பார்லியில் புரதம் அதிகம். பனிபோல் குளிர்ந்த கண்ணாடிப் புட்டியில் அது கலங்கலாகத் தெரியும். ஆனால் அதே பார்லியில் நொதிகளும் மிகுதி என்பதால், அவை தன் மாவுச்சத்தோடு வேறு தானியத்தின் மாவுச்சத்தையும் உடைத்துவிடும். மக்காச்சோளமோ அரிசியோ சேர்த்தால் புரதத்தின் பங்கு குறைந்து பீர் தெளியும். அவற்றின் மாவு இளகுவதற்கு அதிகச் சூடு தேவை என்பதால் தனிக் கொப்பரையில் வேகவைத்துப் பிறகு மால்ட்டோடு கலந்தார்கள். செலவைக் குறைக்கவே அரிசி சேர்த்தார்கள் என்ற பழிச்சொல் இன்றும் உண்டு. அந்தப் பார்லியின் இயல்பைப் பார்க்கும்போது அது முழு நியாயமாகத் தெரியவில்லை.

1920 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த மதுவிலக்கு, அரை விழுக்காட்டுக்கு மேல் ஆல்கஹால் கொண்ட எதையும் தடை செய்தது. குளிர்பதன இயந்திரம் வைத்திருந்தவர்களுக்கு வேறு வழிகள் கிடைத்தன: யூங்லிங்கும் புஷ் குடும்பத்தின் நிறுவனமும் ஐஸ்கிரீம் செய்தன, பேப்ஸ்ட் பாலாடைக்கட்டி விற்றது. பனிக்கட்டியையும் நிலவறையையும் மட்டுமே நம்பியிருந்த ஊர் ஆலைகள் பல மூடப்பட்டு, திரும்பத் திறக்கவே இல்லை. 1933-இல் தடை நீங்கியபின் எழுநூற்றுச் சொச்சம் ஆலைகளே மீண்டன. வீட்டுக் குளிர்பெட்டியும் பீர் அடைத்த தகர டப்பாவும் தொலைக்காட்சி விளம்பரமும் அவற்றையும் அரித்தன. வேகத்துக்கு ஆசைப்பட்டதன் விலை ஷ்லிட்ஸ் நிறுவனத்தில் தெரிந்தது. 1970களில் நொதிக்கும் காலத்தை அது சுருக்கியது. 1976-இல் தெளிவுக்காகச் சேர்த்த பொருள்கள் ஒன்றோடொன்று வினைபுரிந்து புட்டிகளில் செதில்கள் மிதந்தன. 1981-இல் அதன் மில்வாக்கி ஆலை மூடப்பட்டது.

மீட்சி கலிபோர்னியாவிலிருந்து வந்தது. தங்க வேட்டைக் காலத்தில் பனிக்கட்டி கிடைக்காத சான் பிரான்சிஸ்கோவில், லாகர் ஈஸ்ட்டையே ஆழமற்ற திறந்த தொட்டிகளில், கடற்காற்றின் குளுமையில் நொதிக்கவிடும் ஸ்டீம் பீர் என்ற வகை பிறந்திருந்தது. அதைக் காய்ச்சிவந்த ஆங்கர் ஆலை மூடப்படும் தறுவாயில் இருந்தபோது, 1965-இல் ஃபிரிட்ஸ் மேடாக் அதை வாங்கிக் காப்பாற்றினார். 1976-இல் சோனோமாவில் ஜாக் மக்காலிஃப், பழைய பால் பண்ணைக் கருவிகளைக் கொண்டு நியூ ஆல்பியன் என்ற மிகச் சிறிய ஆலையைத் தொடங்கினார். அதே ஆண்டு சிறிய ஆலைகளுக்கு வரி குறைந்தது. 1978-இல் வீட்டில் காய்ச்சுவதற்கான கூட்டாட்சித் தடை நீங்கியது. இந்தப் புதியவர்களில் பெரும்பாலோர் ஏல் ஈஸ்ட்டைத் தேர்ந்தெடுத்ததற்குச் சுவை மட்டும் காரணமில்லை. ஏல் இரண்டு மூன்று வாரங்களில் தயாராகும். கடன் வாங்கிய பணத்தில் இரண்டு தொட்டிகள் வைத்திருப்பவருக்கு லாகருக்காக இரண்டு மாதம் தொட்டியை முடக்குவது கட்டுப்படியாகாது. கூடவே, 1972-இல் வெளியான கேஸ்கேட் என்ற ஹாப்ஸ் வகையின் நாரத்தை மணம் ஏலுக்கு அமெரிக்கத் தனித்தன்மையைக் கொடுத்தது.

இன்று 9,000-க்கும் மேற்பட்ட ஆலைகள் அங்கு இயங்குகின்றன. எஃகுத் தொட்டியின் இரட்டைச் சுவருக்கு இடையே கிளைக்கால் (glycol) என்ற, நீரை உறையாமல் காக்கும் வேதிப்பொருள் கலந்த குளிர்நீர் ஓடுவதால், ஒரே கூடத்தில் ஒரு தொட்டி 20 டிகிரியிலும் பக்கத்துத் தொட்டி 2 டிகிரியிலும் நிற்கிறது. கைமுதல் சேர்ந்த ஊர் ஆலைகள் இப்போது லாகரையும் காய்ச்சத் தொடங்கியிருக்கின்றன. அவற்றின் விலைப்பட்டியலில் லாகருக்கு விலை வைக்கும்போது மால்ட்டையும் ஹாப்ஸையும் விட, தொட்டி நிறைந்திருக்கும் வாரங்களையே முதலில் கணக்கிட வேண்டியிருக்கிறது.