புரோகிரஸிவ் ராக்: முற்போக்கா, வளர்நடையா?

கன்னியாகுமரி மாவட்டத்தில் 'முற்போக்கு' என்ற சொல்லுக்கு ஏற்கெனவே சொந்தக்காரர்கள் உண்டு. பூதப்பாண்டியில் பிறந்த பொதுவுடைமைத் தலைவர் ஜீவாவின் பெயரோடு சேர்ந்து ஊருக்குள் வேர்விட்ட சொல் அது. ஆகவே புரோகிரஸிவ் ராக் என்ற மேற்கத்திய இசைவகையைத் தமிழாக்கி, இங்கே யாரிடமாவது 'முற்போக்கு ராக்' என்று சொன்னால், மேடையில் தொழிலாளர் பாட்டுப் பாடுகிறவர்கள்தான் அவர் மனத்தில் வந்து நிற்பார்கள். வடசேரியில் தேநீர் குடித்துக்கொண்டிருந்தபோது நண்பர் ஒருவர், "அது எந்தக் கட்சிக்காரர்களின் பாட்டு?" என்றே கேட்டுவிட்டார். அவர் கேட்டது நியாயம்தான். அகராதியை மட்டும் பார்த்துப் பெயர்த்தால் இப்படித்தான் ஆகும்.

'ராக்' என்ற பாதியை முதலில் முடித்துவிடலாம். விவேகானந்தர் பாறையைப் பார்த்து வளர்ந்த நமக்கு அந்தச் சொல்லைக் கேட்டதும் கல் நினைவுக்கு வருவது இயல்பு. ஆனால் கல்லைக் குறிக்கும் சொல் வேறு. இசைக்கு வந்த சொல் வேறு. பின்னது தொட்டிலை ஆட்டுவதைக் குறித்த பழைய ஆங்கில வினையிலிருந்து பிறந்தது. இதைத் தமிழாக்கி ஆகப்போவது ஒன்றுமில்லை. வயலினுக்குப் பெயர் மாற்றாமலே அதைக் கச்சேரி மேடையில் உட்கார வைத்தவர்கள்தானே நாம்!

சிக்கல் 'புரோகிரஸிவ்' என்பதில்தான். லத்தீனில் 'புரோ' என்றால் முன். அதனுடன் சேர்ந்திருக்கும் வினைக்கு அடியெடுத்து வைத்தல் என்று பொருள். 1940களில் அமெரிக்க ஜாஸ் இசைஞர் ஸ்டான் கென்டன் தம் இசையைப் 'புரோகிரஸிவ் ஜாஸ்' என்று அழைத்தார். 1960களின் இறுதியில் பிரிட்டனின் சில ராக் குழுக்களுக்கு அந்த அடைமொழி வந்து ஒட்டிக்கொண்டது. மூன்று நிமிடப் பாட்டோடு நிற்காமல், மேற்கத்திய செவ்வியல் இசையையும் ஜாஸையும் இழுத்துக்கொண்டு, தாளத்தை வழியிலேயே மாற்றிப் போட்ட குழுக்கள் அவை.

அவர்களில் கீத் எமர்சனை எடுத்துக்கொள்வோம். 1944இல் இங்கிலாந்தின் யார்க்ஷயர் பகுதியில் பிறந்தவர். ஹாமண்ட் ஆர்கன், மூக் சின்தசைசர் என்ற மின்விசைப்பலகைகள் அவருடைய கருவிகள். ஆர்கனின் கட்டைகளுக்கு நடுவே கத்தியைச் செருகிச் சுரத்தை நிறுத்திவைப்பார். 1968இல் லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹால் மேடையில் அமெரிக்கக் கொடியின் ஓவியத்தை எரித்து, அந்த அரங்கின் தடைக்கும் ஆளானார். கொஞ்சம் அரசியல் இருக்கிறதே என்று நண்பர் மகிழலாம். ஆனால் அதற்காக இசைக்கு அந்தப் பெயர் வரவில்லை. 1970இல் எமர்சன், லேக் அண்ட் பாமர் குழு பிறந்தது. அடுத்த ஆண்டு வந்த 'டார்கஸ்' இசைத்தட்டின் ஒரு பக்கம் முழுவதையும், இருபது நிமிடத்துக்கும் மேலாக, ஒரே தொடர்படைப்பு பிடித்துக்கொண்டது. அது தொடங்குவது ஐந்தெண்ணிக்கையில். நம் கணக்கில் சொன்னால் கண்டம்: தக தகிட.

அப்படியானால் 'நெடும்பாட்டு ராக்' என்று சொல்லிவிடலாமா? போதாது. நம் பக்கத்துக் கொடை விழாவில் வில்லுப்பாட்டு இரவெல்லாம் நீளும். அது வெறும் நீளத்தால் வளர்வதில்லை. புலவர் வசனமாகச் சொல்லிவந்த கதை, சாமி வரும் கட்டம் நெருங்க நெருங்கப் பாட்டாகிறது, வீசுகோல் நாணில் விழும் இடைவெளி சுருங்குகிறது, உடுக்கை முந்திக்கொள்கிறது. கதையின் நிலை மாற, நடையும் மாறுகிறது.

எமர்சனின் திரைப்பட வேலை இதை இன்னும் தெளிவாகக் காட்டுகிறது. 1970களின் இறுதியில் குழு கலைந்த பிறகு அவர் படங்களுக்கு இசையமைக்கத் தொடங்கினார். அங்கே நீளத்தை முடிவு செய்வது காட்சி. இசைஞர் கையில் நீளம் இல்லை. இத்தாலிய இயக்குநர் டாரியோ அர்ஜென்டோவின் 'இன்ஃபெர்னோ' 1980இல் வந்தது. ரோம் நகரில் டாக்சி ஓடும் காட்சிக்கு, வெர்டியின் 'நபுக்கோ' இசைநாடகத்தில் அடிமைகள் கூடிப் பாடும் புகழ்பெற்ற பாட்டை அவர் எடுத்தார். மூலம் நாலெண்ணிக்கையில் அமைந்தது. எமர்சன் அதை ஐந்தாக்கி ஓடவிட்டார். நீளம் பறிபோன இடத்திலும் அவரிடம் எஞ்சியது நடை. ('நைட்ஹாக்ஸ்', பின்னாளில் ஒரு காட்சில்லா படம் என்று பட்டியல் நீளும், எல்லாம் இந்தத் தரத்தில் இல்லை.) அவர் 2016இல் காலமானார். அதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்பு ஜப்பானியத் தொலைக்காட்சியின் வரலாற்றுத் தொடர் ஒன்றில் 'டார்கஸ்' முழு ஆர்கெஸ்ட்ரா வடிவில் ஒலித்தது.

ஆகவே என் தேர்வு 'வளர்நடை ராக்'. வளர்ந்த, வளர்கிற, வளரும் என்று மூன்று காலத்தையும் அடக்கிய வினைத்தொகை அது. நடை என்பது காலடிக்கும் பொருந்தும், தாளத்துக்கும் பொருந்தும். லத்தீன் வேரில் உள்ள அடியெடுப்பும் தப்பிவிடவில்லை. 'முற்போக்கு' கட்சிக்கும் கூட்டணிக்கும் எழுத்தாளர் சங்கத்துக்கும் உரியதாகவே இருக்கட்டும்.

முதல் முறை எழுதும்போது 'புரோகிரஸிவ் ராக் எனப்படும் வளர்நடை ராக்' என்று எழுதிவிட்டு, பிறகு தமிழ்ச் சொல்லை மட்டும் வைத்துக்கொள்ளலாம். 'ப்ராக்' என்ற சுருக்கம் ரசிகர்களின் பேச்சுக்குச் சரி, கட்டுரைக்கு வேண்டாம். எமர்சனை வெறுமனே 'இசையமைப்பாளர்' என்றால் நம் வாசகர் அவர் போட்ட பாடல்களைத் தேடுவார். அவர் படங்களுக்குச் செய்ததற்குப் 'பின்னணி இசையமைப்பாளர்' என்பதே பொருந்தும்.