தண்ணீரில் நிற்கும் மரத்துக்கு வறட்சி எப்படித் தெரியும்?

மரத்தண்டில் வருடத்துக்கு ஒன்றாக விழும் வளையங்களைப் பற்றி நான் முன்பு எழுதியதைப் படித்த வாசகர் ஒருவர் அருமையான கேள்வி ஒன்றை அனுப்பியிருக்கிறார்: “அமெரிக்காவில் சதுப்பு நிலத்து சைப்ரஸ் மரங்களை வைத்துப் பழைய வறட்சிகளைக் கண்டுபிடித்தார்கள் என்கிறீர்கள். காலடியில் எப்போதும் தண்ணீர் கிடக்கும் மரத்துக்கு மழை பெய்தால் என்ன, பெய்யாவிட்டால் என்ன?”

அவர் சொல்வது பால்டு சைப்ரஸ் மரம். அமெரிக்காவின் தென்கிழக்கு ஆற்றோரங்களில் வளர்வது. ஊசியிலை மர வகைதான் என்றாலும் இலையுதிர் காலத்தில் இலைகளை மொத்தமாகக் கொட்டிவிடும். வட கரோலினாவில் பிளாக் ரிவர் என்ற ஆற்றை ஒட்டிய சதுப்பில் நிற்கும் ஒரு மரத்துக்கு, 2018 கணக்குப்படி வயது குறைந்தது 2,624. அதாவது கி.மு. 7ஆம் நூற்றாண்டில் முளைத்தது. ஆர்கன்சா பல்கலைக்கழகத்தின் டேவிட் ஸ்டால் குழு 2019இல் இதை வெளியிட்டது. ‘குறைந்தது’ என்பதைக் கவனியுங்கள். இவ்வளவு பழைய மரங்களின் உட்பகுதி பெரும்பாலும் உளுத்துப் போயிருக்கும். மிஞ்சியிருக்கும் கட்டையை வைத்துத்தான் எண்ண முடியும்.

சரி, கேள்விக்கு வருவோம். வேருக்குத் தண்ணீர் மட்டும் போதாது, மூச்சுவிட ஆக்சிஜனும் வேண்டும். காற்றில் பரவுவதைவிடத் தண்ணீரில் ஆக்சிஜன் சுமார் பத்தாயிரம் மடங்கு மெதுவாகப் பரவும். அதனால் நீர் தேங்கிய சேற்றில் கொஞ்சம் ஆழம் போனாலே வேர் திணறும். ஆகவே இந்த மரத்தின் மெல்லிய உறிஞ்சு வேர்கள் மேல்மட்டத்திலேயே பரந்து கிடக்கின்றன. மழை பொய்த்தால் முதலில் அடிபடுவது இந்த மேல்மட்டம்தான். நீர்மட்டம் இறங்கி வேர்கள் காய்கின்றன. மிச்சமிருக்கும் நீரோ ஓட்டம் குறைந்து, சூடேறி, ஆக்சிஜனை இழக்கிறது. புதுவெள்ளம் கொண்டுவரும் சத்துகளும் வருவதில்லை. மேகமில்லாத வானத்தின் கீழ் இலைகள் இழக்கும் நீரும் கூடுகிறது. எல்லாம் சேர்ந்து மரத்தின் வளர்ச்சியை நெரிக்கின்றன. அந்த வருடத்து வளையம் ஒடுங்கிவிடுகிறது. நல்ல மழை என்றால் வளையம் அகலமாகிறது. வசந்தகாலத்திலும் கோடையின் தொடக்கத்திலும் பெய்த மழையோடு இந்த அகலம் நன்றாகப் பொருந்துவதை ஸ்டால் குழு பல மாநிலங்களில் காட்டியிருக்கிறது.

எனக்கு இதைவிடப் பிடித்த இடம் அடுத்தது: ஒரு குறிப்பிட்ட வளையம் 1587ஆம் வருடத்துடையது என்று எப்படி அடித்துச் சொல்கிறார்கள்? வெளியிலிருந்து உள்ளே எண்ணிக்கொண்டே போனால் போதும் என்றுதான் தோன்றும். போதாது. மிகவும் மோசமான வருடத்தில் வயதான மரம் தண்டின் ஒரு பக்கத்தில் வளையமே போடாமல் விட்டுவிடும். சில வருடங்களிலோ வளரும் பருவத்தின் நடுவில் வளர்ச்சி தடைபட்டு மறுபடி தொடங்கும்போது ஒரு போலி வளையம் விழும். பால்டு சைப்ரஸில் இந்தப் போலிகள் ஏராளம்.

உப்புத்தாள் போட்டு வழவழப்பாக இழைத்த மரத்துண்டை நுண்ணோக்கியில் பார்த்தால் உண்மையான வளையத்துக்கும் போலிக்கும் வித்தியாசம் தெரியும். உண்மையான வளையத்தின் முடிவில் தடித்த சுவருள்ள சின்னச் செல்கள் சட்டென்று நின்று, அடுத்த வருடத்தின் பெரிய, மெல்லிய செல்கள் தொடங்கும். எல்லை கத்தியால் வெட்டியது மாதிரி இருக்கும். போலி வளையத்தில் செல்கள் படிப்படியாகத் தடித்து, அதேபோலப் படிப்படியாக மெலியும். விளிம்பு இரண்டு பக்கமும் மங்கல்.

விடுபட்ட வளையத்தை இப்படிப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. அதற்குப் பல மரங்களை ஒப்பிட வேண்டும். ஒரே தெருவில் பத்து வீட்டுப் பால் கணக்கு நோட்டுகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால், எந்த வீட்டில் ஒரு நாள் எழுத விட்டார்கள், எதில் இரண்டு தடவை எழுதினார்கள் என்று தெரிந்துவிடும் இல்லையா? அப்படித்தான். ‘ஒடுக்கம், ஒடுக்கம், அகலம், மிக ஒடுக்கம்’ என்ற வரிசை எல்லா மரங்களிலும் ஒத்துப்போக வேண்டும். ஒன்றில் மட்டும் ஒரு வருடம் நழுவினால் பிழை அங்கேதான். இந்த முறையை 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வளர்த்தெடுத்த ஏ.இ. டக்ளஸ் ஒரு வானியலாளர் என்பது கூடுதல் சுவை.

மரத்தை வெட்ட வேண்டியதில்லை. கையால் திருகும் துளைக்கருவியால் 5 மில்லிமீட்டர் விட்டத்தில் ஒரு குச்சி போல எடுத்தால் போதும்.

இதன் பலனாக வரலாறு எழுதுபவர்களுக்கு ஒரு முக்கியமான தடயம் கிடைத்தது. 1587இல் வட கரோலினா கரையோரத்து ரோனோக் தீவில் குடியேறிய நூற்றுக்கும் மேற்பட்ட ஆங்கிலேயர்கள், 1590இல் அவர்களின் ஆளுநர் ஜான் ஒயிட் இங்கிலாந்திலிருந்து திரும்பி வந்தபோது அங்கே இல்லை. 1998இல் ஸ்டால் குழு வெளியிட்ட ஆய்வின்படி, 1587 முதல் 1589 வரையிலான மூன்று வருடங்கள் அந்த வட்டாரத்தில் 800 வருடங்களில் காணாத வறட்சிக் காலம். பின்னர் வர்ஜீனியாவில் அமைந்த ஜேம்ஸ்டவுன் என்ற ஆங்கிலக் குடியேற்றத்தில் பலர் பட்டினியில் செத்ததும் 1606 முதல் 1612 வரை நீடித்த இன்னொரு கொடும் வறட்சிக்கு நடுவில்தான்.

இங்கே என் மனதில் இருப்பதையும் சொல்லிவிடுகிறேன். நம் ஊரில் பருத்த மரத்தைக் கண்டால் ‘மூவாயிரம் வருடப் பழமை’ என்று பலகை மாட்டிவிடுகிறோம். பருமனை வைத்து வயதைச் சொல்ல முடியாது. வளைந்து நெளிந்த பிளாக் ரிவர் கிழமரங்கள் எல்லாம் ராட்சதர்கள் அல்ல. வெப்பமண்டல மரங்கள் பலவற்றில் தெளிவான ஆண்டு வளையமே இருக்காது. ஆனால் தேக்கில் இருக்கிறது. கேரளத் தேக்கு மரங்களிலிருந்து 1481 முதல் 2003 வரை 523 வருட வளையத் தொடரைப் புனேயின் வெப்பமண்டல வானிலை ஆய்வு நிறுவன ஆய்வாளர்கள் உருவாக்கி, அதில் பருவமழை பொய்த்த வருடங்களின் தடயத்தைக் கண்டார்கள். துளைக்கருவியும் உப்புத்தாளும் நுண்ணோக்கியும் பொறுமையான சில மாணவர்களும் இருந்தால் நடக்கும் வேலை இது. பெரிய திட்டங்களுக்கு ஒதுக்கும் பணத்தில் ஒரு துளியை இதற்குத் தாராளமாகக் கொடுக்கலாம். மழையை நம்பி வாழும் நமக்கு ஐந்நூறு வருட மழைக்கணக்கு ஆடம்பரமில்லை.

பிளாக் ரிவரில் ஸ்டால் குழு வயது கணித்தது 110 மரங்களுக்கு மட்டும்தான். அந்தச் சதுப்பில் இன்னும் பல்லாயிரம் மரங்கள் நிற்கின்றன. இதைவிட மூத்தவை அவற்றில் இருக்க நல்ல வாய்ப்புண்டு. ஒரு பகுதியை ‘நேச்சர் கன்சர்வன்சி’ அமைப்பு வாங்கிக் காத்துவருகிறது. மற்றவற்றில் பலவற்றுக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. அந்த இடம் கடல்மட்டத்திலிருந்து ஏறக்குறைய இரண்டு மீட்டர் உயரம்தான். அதே ஆற்றுத்தொடரின் கீழ்ப்பகுதியில், கேப் ஃபியர் ஆற்றோரம், உப்புநீர் ஏறிய இடங்களில் சைப்ரஸ் மரங்கள் ஏற்கெனவே பட்டுப்போய் மொட்டையாக நிற்கின்றன.